தரணேந்திரன் வீட்டு அந்துப்பூச்சி

மேல்சித்தாமூர் தரணேந்திரனுக்கு ராத்திரிச் சாப்பாடு என்று ஒன்று கிடையாது. சமணர், எங்கள் பக்கத்தில் நைனார் என்று கூப்பிடுவோம். பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுக் கை கழுவிவிட வேண்டும். விளக்கு வைத்த பிறகு தண்ணீர்கூட வாயில் படாது. வெளிச்சத்தைத் தேடி வரும் பூச்சிகள் சோற்றில் விழுந்து செத்துவிடக் கூடாது என்பதற்காக ஏற்பட்ட வழக்கம் என்று அவரே எனக்குச் சொன்னார். நல்ல வழக்கம்தான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் வீட்டில் நாலு பேர் இருக்கிறவர்களுக்கு ஏற்பட்டது அது. தனியாக இருக்கும் மனிதருக்கு ஆறு மணிக்கு மேல் என்ன வேலை? பக்கத்துத் தெருக்களில் தாளிக்கும் வாசனை கிளம்பும்போது இவருடைய நாள் முடிந்துபோயிருக்கும். கல்யாண வரவேற்புக்குப் போனாலும் பந்தி போடுகிற நேரத்தில் இவர் பஸ்ஸில் இருப்பார். எங்கள் பக்கத்தில் மனிதர்கள் ஒட்டுவது சாப்பாட்டில்தான். இவர் யாரோடும் ஒட்டாமல் போனதற்கு அதுவும் ஒரு காரணம் என்று நான் நினைக்கிறேன்.

நான் அம்சவள்ளி. சொந்த ஊர் அனந்தபுரம். திண்டிவனத்தில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கிறேன். கண் பரிசோதனையும் நான்தான் செய்கிறேன். எனக்கு வாய் நீளம் என்று கடைத்தெருவில் பேசிக்கொள்வார்கள். அவர்கள் கண்ணாடி உடைந்தால் என்னிடம்தானே வருகிறார்கள், பேசிக்கொள்ளட்டும்.

தரணேந்திரன் முதலில் வந்தது படிக்கிற கண்ணாடிக்கு. அப்போது அவர் மின்வாரியத்தில் வீடு வீடாகப் போய் மீட்டர் ரீடிங் எடுக்கிற வேலையில் இருந்தார். விழுப்புரத்தில் பாதி காலம், திண்டிவனத்தில் பாதி காலம். மீட்டர் பெட்டியைத் திறந்தால் உள்ளே பல்லி இருக்கும், குளவிக்கூடு இருக்கும், கண்ணாடிமேல் அந்துப்பூச்சி உட்கார்ந்திருக்கும். மற்றவர்கள் வாயால் ஊதித் தள்ளிவிட்டு எண்ணைக் குறித்துக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போவார்கள். இவர் பூச்சி தானாக நகரும்வரை நிற்பார். அதனால் இவருக்கு மட்டும் எப்போதும் வேலை முடியாது, ஆபீசில் திட்டு விழும். கல்யாணம் ஆகவில்லை. பெண் பார்க்கிற வயதில் அம்மா படுக்கையில் விழுந்தார். அம்மா போன பிறகு இவருக்குப் பெண் பார்க்க ஆளில்லை. ஓய்வு பெற்றபின் மேல்சித்தாமூரில் அம்மா வாழ்ந்த வீட்டுக்கே போய்விட்டார்.

அதற்குப் பிறகு வாரம் ஒரு தடவை திண்டிவனம் வந்து காய்கறி வாங்கிக்கொண்டு, என் கடையில் வந்து குந்துவார். கண்ணாடியின் மூக்குப் பட்டை உறுத்துகிறது என்பார். எடுத்துப் பார்த்தால் ஒன்றும் இருக்காது. நானும் திருப்புளியை வைத்துத் திருகுவது போலத் திருகிக் கொடுப்பேன். என் கடைக்கு அப்படி வருகிற பெரியவர்கள் நிறைய. கண்ணில் கோளாறு இல்லை, பேச ஆள் இல்லை, அதற்கு என்னிடம் லென்ஸ் கிடையாது.

போன ஐப்பசி மழையில் ஒரு நாள் வந்தவர், பூதக்கண்ணாடி இருக்கிறதா என்று கேட்டார்.

"எதுக்கு நைனாரே, ஜாதகம் பாக்கப் போறீங்களா?"

"இல்லம்மா. வூட்ல டியூப் லைட்டாண்ட ஒரு பூச்சி வர்துது. சீரகம் கணக்கா இருக்குது. முன்ன பின்ன பாத்ததில்ல. கிட்ட வெச்சிப் பாத்தா என்னமோ கோலம் போட்ட மாதிரி தெரியுது."

சாப்பாடு முடிந்து தூக்கம் வரும்வரை அவர் கூடத்துச் சுவரைப் பார்த்துக்கொண்டிருப்பார் என்பது அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது. டிவி பழுதாகி வருஷக் கணக்காகிறதாம். சரி செய்யத் தோன்றவில்லையாம். வெளிச்சத்துக்கு வருகிற பூச்சிகள்தான் பொழுதுபோக்கு. தெரிந்த பூச்சிகளுக்கு நடுவில் இந்தப் புதிசு வந்துவிட்டது.

என்னிடம் வாங்கிப்போன பூதக்கண்ணாடியைச் செல்போன் கேமராவின் முன்னால் பிடித்து எடுத்த படங்களை அடுத்த வாரம் காட்டினார். எனக்குத் தூசுதான் தெரிந்தது. ஆனால் மனிதர் விடவில்லை. போனில் பூச்சிப் படங்களைப் போட்டுப் பேர் கேட்கிற குழு ஒன்றை எப்படியோ கண்டுபிடித்து அதில் போட்டுவிட்டார். மறுநாளே ஒரு பெண் பதில் எழுதினாள். பேர் கலைமதி. பெங்களூரில் அந்துப்பூச்சிகளை ஆராய்ச்சி செய்கிற டாக்டர். பிறந்தது நம் பக்கத்தில், குயிலாப்பாளையத்தில். படத்தைப் பார்த்ததுமே அது எந்தக் குடும்பம் என்று சொல்லிவிட்டாள். லெசித்தோசெரிடே என்று பேர். உணர்கொம்புகள் உடம்பைவிட நீளமாக இருப்பதும், உட்காரும்போது இரண்டையும் சேர்த்து முன்னால் நீட்டி வைத்துக்கொள்வதும் அந்தக் குடும்பத்தின் அடையாளமாம். புழுவாக இருக்கும்போது காய்ந்த சருகைத்தான் தின்னுமாம், பச்சை இலையைத் தொடாதாம்.

"குடும்பம் கெடச்சிடுச்சிம்மா" என்று கடைக்கு வந்து சொன்னார். காணாமல் போன பிள்ளையின் வீட்டைக் கண்டுபிடித்தவர் மாதிரி முகம்.

"பேரு?"

"அதான் தெரியல."

அந்தக் குடும்பத்தில் இருக்கிறவை எல்லாம் பார்க்க ஒரே முகமாம். ஒரே சாயம், ஒரே புள்ளி. ஐந்தாறு இனங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாலும் வெளியே இருந்து பிரித்துச் சொல்ல முடியாதாம். வயிற்று நுனியில் இருக்கும் இனப்பெருக்க உறுப்பை வெட்டி எடுத்து மைக்ராஸ்கோப்பில் பார்க்க வேண்டுமாம். அது மட்டும்தான் ஒவ்வொரு இனத்துக்கும் வேறாக இருக்குமாம். இதையெல்லாம் கலைமதியே போனில் விளக்கினாள். அவர் ஸ்பீக்கரில் போட்டார், நானும் கேட்டேன்.

"ஐயா, ஒண்ணே ஒண்ணு போதும். சின்ன டப்பால போட்டு ஃப்ரீசர்ல வெச்சிடுங்க. அதுக்கு வலிகூடத் தெரியாது, தூங்கற மாதிரி போயிடும்."

"அது வேணாம்மா."

"ஃப்ரிட்ஜ் இல்லீங்களா?"

"நாங்க ஜைனருங்கம்மா."

அவள் உடனே, "மன்னிச்சிக்குங்க ஐயா. மேல்சித்தாமூருன்னு சொன்னதுமே எனக்குத் தோணியிருக்கணும்" என்றாள். நல்ல பெண். தானாகச் செத்தது கிடைத்தால் அனுப்பச் சொன்னாள். இந்தப் பூச்சிக்கு ஆயுசே சில நாள்தான், றெக்கை கிழிந்திருந்தாலும் பரவாயில்லை, வயிறு முழுசாக இருந்தால் போதும், எறும்பு தொடுவதற்கு முன்னால் எடுத்துவிட வேண்டும் என்றாள்.

தரணேந்திரனுக்கு ஒரே சந்தோஷம். கொல்ல வேண்டாம், பேரும் தெரியும். கான்டாக்ட் லென்ஸ் போட்டு வைக்கிற சின்ன வெள்ளை டப்பா ஒன்றை அவருக்குக் கொடுத்தேன். "பூச்சியப் புடிச்சி இதுல வுட்டு மூடி வைங்க, அதுவா சாவட்டும்" என்றேன்.

"அடைச்சி வெக்கறதும் பாவம்தாம்மா" என்று டப்பாவை மட்டும் வாங்கிப் பையில் போட்டுக்கொண்டார்.

எதற்கு இத்தனை பிடிவாதம் என்று எனக்குப் புரியவில்லை. பேர் தெரிந்து என்ன ஆகப் போகிறது? அதையும் கேட்டுவிட்டேன்.

"முப்பது வருசத்துக்கு மேல வூடு வூடாப் போனேன். ஒரு வூட்லயும் எம்பேரு தெரியாது. 'ரீடிங்காரரு வந்துட்டாரு, கேட்ட தொற'ம்பாங்க. தப்பா சொல்லல, அது அவுங்களுக்குப் போதும். இந்தப் பூச்சி தெனம் என் வூட்டுக்கு வர்துது. அதையாவது பேரு தெரிஞ்சி வெச்சிக்கணும்னு இருக்குது."

அதற்குமேல் நான் கிண்டல் செய்யவில்லை.

கலைமதி தினமும் காலையில் 'கிடைத்ததா ஐயா?' என்று ஒரு செய்தி அனுப்புவாள். ரெண்டே வார்த்தை. அதைக் கடையில் எல்லாருக்கும் காட்டுவார். இவரிடம் ஒருவர் தினமும் ஒன்றை விசாரிக்கிறார் என்பதே அவருக்குப் புதிசு. பூச்சி கிடைத்துவிட்டால் அந்தச் செய்தி நின்றுபோகும், கிடைக்காமலே போனாலும் நின்றுபோகும். அது அவருக்கும் தெரியும்.

கார்த்திகை முழுவதும் சாயந்திரங்களில் சுவருக்கு முன்னால் குந்திக்கொண்டு பார்த்திருக்கிறார். செத்தவை எல்லாம் அவர் கண்ணில் படுவதற்குமுன் எறும்புக்குப் போயின. ஒரு தடவை றெக்கை மட்டும் மிஞ்சியது. ஒரு தடவை பல்லி முந்திக்கொண்டது. ஒவ்வொரு வாரமும் கடைக்கு வந்து எனக்குக் கதை சொல்வார். மார்கழி பிறந்த வாரம் வந்தபோது முகம் தொங்கிப்போயிருந்தது.

"நேத்து ஒண்ணு ரொம்ப நேரம் அசையாம இருந்துச்சிம்மா. சரி, முடிஞ்சிதுன்னு டப்பாவத் தொறந்துக்கினு கிட்ட போனேன். தொட்டா, விர்ருன்னு பறந்து பூடுச்சி. பேஜாராப் போச்சி."

"என்ன நைனாரே, உசுரோட இருந்துச்சேன்னா இவ்ளோ வருத்தம்?" என்றேன்.

சும்மா வாயில் வந்ததைச் சொன்னேன். அவர் காய்கறிப் பையை எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டார். மூக்குப் பட்டையைத் திருகக்கூடச் சொல்லவில்லை. நான் சொன்னதில் தப்பில்லை, இன்றைக்கும் அப்படித்தான் நினைக்கிறேன்.

அதற்குப் பிறகு அவர் வரவில்லை. ஒரு வாரம் போனது, இன்னொரு வாரமும் போனது. நகைக்கடைக்காரர்கள் கண்ணில் இடுக்கிக்கொள்கிற நல்ல லென்ஸ் ஒன்று வரவழைக்கச் சொல்லியிருந்தார். அது புதுச்சேரியிலிருந்து வந்து மேஜையில் கிடந்தது. போன் அடித்தால் எடுக்கவில்லை. எனக்கு ஒரு பக்கம் எரிச்சல், ஒரு பக்கம் பயம். தனியாக இருக்கிற மனிதர். ஒரு சாயந்திரம் கடையைச் சீக்கிரம் சாத்திவிட்டு மேல்சித்தாமூர் பஸ்ஸில் ஏறினேன்.

நான் போய்ச் சேரும்போது அவர் சாப்பிட உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்து இன்னொரு தட்டு எடுத்து வைத்தார்.

"ஜல்தியா வாங்கம்மா, இன்னும் வெளிச்சம் இருக்குது."

கேப்பை அடை, முருங்கைக்கீரை போட்டது, வெங்காயம் கிடையாது. நன்றாகவே இருந்தது. அந்த வீட்டில் ஒரு தட்டுக்குமேல் எடுத்து நாளாகியிருக்க வேண்டும். எனக்கு வைத்த தட்டை அவர் இரண்டு தடவை கழுவினார்.

சாப்பிட்டு முடித்தோம், இருட்டியது. அவர் விளக்கைப் போடவில்லை. இருட்டிலேயே உட்கார்ந்திருந்தார்.

"கரண்ட் இல்லியா?"

"இருக்குது."

"பின்ன?"

"நீங்க அன்னிக்கு சொன்னது சரிதாம்மா. கையால கொல்லல, அடைச்சி வெக்கல, எம்மேல பாவம் இல்லன்னு நெனச்சிக்கினு இருந்தேன். ஆனா தெனம் சுவத்தாண்ட குந்திக்கினு, எப்ப சாவும் எப்ப சாவும்னுதானே பாத்தேன். சாயந்திரத்துல இந்த வூட்டுக்கு வர்றது அது ஒண்ணுதான். வந்த ஒண்ணையும் சாவறதுக்குக் காத்துக்கினு இருந்தேன். மனசால கொன்னாலும் கொலதான், எங்களுக்கு. அதான் லைட்டப் போடறதில்ல. அது வரவே வேணாம்."

"கலைமதிகிட்ட சொல்லிட்டீங்களா?"

"சொல்லல. சொன்னா அவுங்க கேக்கறதையும் நிறுத்திடுவாங்க."

எழுந்து போய் நானே சுவிட்சைப் போட்டேன். "இருட்டுல குந்திக்கினா பாவம் போயிடுமா? லென்ஸ எடுத்துக்கினு வந்துருக்கேன், நான் பாக்கணும் அந்தப் பூச்சிய" என்றேன்.

சிறிது நேரத்தில் வந்தன. பச்சை நிறத்தில் குட்டிக் குட்டிப் பூச்சிகள், ஒரு வண்டு, கடைசியாக அது. சுவரில் ஒட்டியிருந்ததை அவர் விரலால் காட்டிய பிறகுதான் கண்டுபிடித்தேன். லென்ஸைக் கண்ணில் வைத்துக் கிட்டப் போனேன்.

வெறும் கண்ணுக்குச் சாம்பல் நிறமாக இருந்தது, லென்ஸில் நெய் காய்ச்சிய பிறகு அடியில் தங்கும் கசண்டின் நிறமாக மாறியது. அதற்குள் பொன் துகள் போல மினுமினுப்பு. றெக்கையின் நடுவில் இரண்டு கறுப்புப் புள்ளிகள், ஒன்று பெரிது, ஒன்று சிறிது. ஓரத்தில் மெல்லிசாக ஒரு மஞ்சள் கோடு, அதையும் தாண்டிக் குஞ்சம் கட்டியது போல மயிர். வாய்ப் பக்கத்திலிருந்து இரண்டு கொம்புகள் மாட்டுக்கு இருப்பது போல மேலே வளைந்திருந்தன. உணர்கொம்புகள் இரண்டும் ஒட்டி, உடம்பைவிட நீளமாக, முன்னால் நேராக நீண்டிருந்தன. கண் கறுப்பாக, உருண்டையாக இருந்தது. எத்தனையோ ஆயிரம் கண் பார்த்தவள் நான், இத்தனை சின்னக் கண்ணைப் பார்த்ததில்லை.

"ஒரு பக்கம் குஞ்சம் தேஞ்சி போயிருக்குதே" என்றேன்.

அவர் லென்ஸை வாங்கிப் பார்த்தார். "வயசாயிடுச்சி அதுக்கு" என்றார்.

நாங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது சுவரில் இரண்டு எட்டு நடந்தது, கால் வழுக்கியது, கீழே விழுந்தது. மல்லாந்து கிடந்து காலை அசைத்தது. சுவரோரத்தில் பிள்ளையார் எறும்பு ஒன்று திரும்பியது, பின்னால் இன்னும் நாலு. "நைனாரே, எறும்பு!" என்று கத்தினேன். டப்பா அலமாரியில் கண்ணெதிரே இருந்தது.

அவர் டப்பாவை எடுக்கவில்லை. தரையில் உட்கார்ந்து, எறும்புக்கும் பூச்சிக்கும் நடுவில் கையை வேலி போல வைத்துக்கொண்டார். எறும்புகள் அவர் கைமேல் ஏறின. ஒவ்வொன்றாக அடுத்த கையால் தள்ளி அந்தப் பக்கம் இறக்கிவிட்டார். பிறகு குனிந்து, பூச்சிக்குக் கிட்ட முகத்தைக் கொண்டுபோய், மெதுவாக என்னமோ சொல்ல ஆரம்பித்தார். ஐந்து வரி. முடிந்ததும் திரும்ப முதலிலிருந்து. சாகப் போகிறவர்களின் காதில் சொல்கிற மந்திரம், ஜைனர்கள் வீட்டில் மனிதருக்கும் சொல்வார்கள், மாட்டுக்கும் சொல்வார்கள் என்று பிறகு சொன்னார். அந்த நேரத்தில் எனக்கு எதுவும் தெரியாது. ஒரு வயசான மனிதர் தரையில் குனிந்து ஒரு சீரகத்தோடு பேசிக்கொண்டிருந்தார், எனக்குச் சிரிப்பு வரவில்லை.

கால்கள் மடங்கின. அசைவு நின்றது. அதற்குப் பிறகும் கொஞ்ச நேரம் சொன்னார். அப்புறம்தான் எழுந்து, அலமாரியில் இருந்த மயிலிறகின் ஒரு இழையால் அதை எடுத்து டப்பாவில் விட்டார்.

"இப்ப அனுப்பலாமா?" என்றேன்.

"அனுப்பலாம்மா. அது போயிடுச்சி. இது வெறும் கூடு, படிக்கறவங்களுக்கு ஆவும்."

கடைசி பஸ்ஸில் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு திண்டிவனம் வந்தேன். மறுநாள் பஞ்சு சுற்றிக் கூரியரில் போட்டதும் நான்தான்.

பொங்கல் கழிந்து அவர் கடைக்கு வந்தார். கலைமதியின் பதில் வந்திருந்தது. அனுப்பியது பெண் பூச்சி. ஒவ்வொரு இனத்துக்கும் இரண்டு பகுதியாகப் பேர் வைப்பார்களாம். அதில் முதல் பகுதி உறுதியாகிவிட்டது, லெசித்தோசெரா. இரண்டாவது பகுதி ஆண் கிடைத்தால்தான் சொல்ல முடியும். இதில் இரண்டு இனங்களின் பெண் பூச்சிகள் மட்டும் உள்ளேயும் ஒரே மாதிரி இருக்குமாம். கிடைக்கும்போது கிடைக்கட்டும் ஐயா, அவசரமில்லை என்று எழுதியிருந்தாள். அவள் வேறு மாநிலத்துக் காட்டுக்கு வேலையாகக் கிளம்புகிறாள், அங்கே சிக்னல் இருக்காது. காலைச் செய்தி நின்றுவிட்டது. அவள்மேல் எனக்குக் கோபம் வந்தது. அவருக்கு வரவில்லை.

"பாதிப் பேரு வந்துடுச்சே, போதும்மா. ஆணுக்காகக் காத்துக்கினு இருக்கப் போறதில்ல நான்."

"லைட்டுப் போடறீங்களா?"

"போடறேன். வர்துது. பாக்கறேன்."

மூக்குப் பட்டை உறுத்துகிறது என்று கண்ணாடியைக் கழற்றிக் கொடுத்தார். நான் திருப்புளியை எடுத்தேன். அவர் தெருவைப் பார்த்துக்கொண்டு சொன்னார்:

"அன்னிக்கு அதுக்கு நான் இருந்தேன். எங்க அம்மாவுக்கும் நான்தான் சொன்னேன். எனக்கு அந்த நேரத்துல காதுல சொல்ல ஆளில்லம்மா. பூச்சி போனப்புறம் அதேதான் நெனப்பா இருக்குது."

அழுதுகொண்டு சொல்லவில்லை. பஸ் லேட் என்று சொல்வது போலச் சொன்னார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. யார்மேல் என்று இப்போதும் தெரியவில்லை. திருப்புளியை மேஜைமேல் வைத்தேன்.

"எனக்குச் சொல்லிக் குடுங்க."

"எது?"

"அந்த அஞ்சு வரி. நான் வந்து சொல்றேன். போன் பண்ணா பஸ் ஏறி வரமாட்டனா?"

அவர் சங்கடமாகச் சிரித்தார். "நீங்க எங்க ஆளு இல்லியேம்மா."

"பூச்சி மட்டும் உங்க ஆளா?"

அவர் என்னையே பார்த்தார். கண்ணாடி இல்லாத கண், நான் எங்கே இருக்கிறேன் என்று தேடுகிற மாதிரி இருந்தது. பிறகு நாற்காலியை மேஜைக்குக் கிட்ட இழுத்துப் போட்டுக்கொண்டார். முதல் வரியைச் சொன்னார். நான் தப்பாகச் சொன்னேன். அவர் திரும்பவும் சொன்னார்.